இரண்டு நாற்காலியில் ஒரு ரூனா

வடபுலத் திரைப்பட ஒத்துழைப்பு வாரியம் ரூனா ஹெட்லுண்டுக்கு ஒரு கடிதம் அனுப்பியது. படத்தின் இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் இருவருமாக நேரில் வந்து ஒத்துழைப்புப் பேச்சில் உட்கார வேண்டும் என்று அதில் இருந்தது. ரூனா தனியாகப் போனாள். இரண்டு வேலையும் அவளுடையதுதான் என்பதால் கூட ஓர் ஆளைத் தேடிக்கொண்டு போக அவளுக்குத் தோன்றவில்லை. எல்லாத் தொல்லையும் அங்கேதான் ஆரம்பித்தது.

இருபது வருஷத்துக்கும் மேலாக அவள் கேமராத் தொழிலில் இருந்தாள். முதலில் மற்றவர்களின் முக்காலியைத் தோளில் போட்டுக்கொண்டு பனியில் நடந்தாள். பிறகு மற்றவர்களின் கேமராவில் லென்ஸைத் திருகினாள். அப்புறம் கேமராவே கைக்கு வந்தது. எதை எடுப்பது என்பது மட்டும் வரவில்லை. எந்தப் பக்கம் திருப்ப வேண்டும் என்று சொல்ல ஓர் ஆண் எப்போதும் பக்கத்தில் நின்றான், கையைக் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டு. கடமான் படம், சலவைத்தூள் விளம்பரம், மந்திரி பாலம் திறந்தது என்று எல்லாம் எடுத்தாள். படம் முடிந்த விருந்துகளில் அவளைப் பார்த்து, காபி தீர்ந்துவிட்டதே என்பார்கள். நாற்பது தாண்டிய பிறகு, கண் பார்ப்பதையே கையும் எடுக்கட்டும் என்று ஒரு நாள் துணிந்து, தான் பிறந்த ஊரில் காலிக்ஸ் ஆற்றைப் பற்றிச் சொந்தமாக ஒரு படம் தொடங்கினாள்.

குளிர்காலம் முழுவதையும் எடுத்தாகிவிட்டது. பனிக்கட்டியில் துளை போட்டு மீன் பிடிப்பவர்கள், ஆற்றின் மேலேயே லாரி ஓட்டிப் போகிறவர்கள், ஒன்றும் செய்யாமல் ஆற்றைப் பார்த்துக்கொண்டு நிற்பவர்கள் எல்லோரும் படச்சுருளில் ஏறிவிட்டார்கள். பாக்கி ஒன்றுதான். மே மாதத்தில் ஏதோ ஒரு நாள் ஆறு தன் பனியை உடைத்துத் தள்ளிக் கடலுக்கு அனுப்பும். சில மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். பாதி வருஷம் ஆறு வாயை மூடிக்கொண்டிருப்பதைக் காட்டிவிட்டு, அது வாயைத் திறக்கும்போது கேமரா இல்லையென்றால் அது என்ன படம்?

கேமரா வாரியத்துடையது. வேலை செய்கிறவரைக் கேட்காமல் வேலை வாங்கக் கூடாது என்று அந்த வருஷம் ஒரு சட்டம் வந்திருந்தது. நல்ல சட்டம்தான். அது வந்ததும் வாரியம் எல்லாக் கேமராவையும் திரும்ப வாங்கி அலமாரியில் பூட்டிவிட்டது. இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் பேசி ஒத்துப்போனால்தான் சாவி. ஜூனில் வரும் கோடை நடுத் திருவிழாவுக்குள் படம் முடியாவிட்டால், கையில் வேலை இல்லாத வேறோர் இயக்குநருக்குப் படம் போய்விடும். நேரம் இருப்பவருக்கே வேலை போக வேண்டும் என்பது வாரியத்தின் நியாயம்.

ரூனா வாசலில் பூட்ஸைக் கழற்றிவிட்டுக் கம்பளிக் காலுறையோடு உள்ளே போனாள். நீள மேசையைச் சுற்றி எல்லோரும் காலுறையோடுதான் உட்கார்ந்திருந்தார்கள். தலைவர் சிக்வார்ட் லின்டெலின் பெருவிரல் காலுறைக்கு வெளியே வந்து கூட்டத்தைக் கவனித்துக்கொண்டிருந்தது. அவளுக்கு இரண்டு நாற்காலி போட்டிருந்தார்கள். இரண்டு காபி ஊற்றி, இரண்டு பன்னும் வைத்திருந்தார்கள்.

மற்றவர் எங்கே என்று சிக்வார்ட் கேட்டார். மற்றவரும் நான்தான் என்றாள் ரூனா. எல்லோரும் சிரித்தார்கள். சிறு பிள்ளை ஏதாவது சொன்னால் சிரிப்பார்களே, அப்படி.

சிக்வார்ட் எழுந்து தொடக்க உரை ஆற்றினார்.

"இந்த மேசையில யாரும் யாருக்கும் மேல இல்ல. தலைவருன்னு ஒருத்தன் இருந்தா அவன் எல்லாருக்கும் கீழதான். அத உறுதியா எடுத்துச் சொல்ல ஒரு ஆள் வேணும்னுதான் என்னைய மேல வெச்சிருக்காங்க. நான் யாருக்கும் உத்தரவு போட மாட்டேன். எனக்கு என்ன வேணும்னு நீங்களா கண்டுபிடிக்கிற வரைக்கும் பொறுமையா உக்காந்திருப்பேன்."

அதற்குப் பிறகு சுற்று தொடங்கியது. சுற்று என்றால் மேசையில் இருப்பவர்கள் வரிசையாக ஒருவர் விடாமல் மனதில் உள்ளதைச் சொல்வது. ஒருவர் தனக்கு இந்த விஷயத்தில் நல்லதொரு உணர்வு இருப்பதாகச் சொன்னார். அடுத்தவர் தனக்கும் அப்படித்தான், ஆனால் அவருடைய உணர்வைத் தான் பறித்துக்கொள்ள விரும்பவில்லை என்றார். இன்னொருவர் போன வாரம் பனிச்சறுக்கில் முழங்காலில் அடிபட்டதைச் சொன்னார். அதையும் எல்லோரும் தலையாட்டி ஏற்றுக்கொண்டார்கள். ரூனாவின் முறை வந்தது. பனி உடையும் நேரம் நெருங்கிவிட்டது, கேமரா வேண்டும் என்று சுருக்கமாகச் சொன்னாள்.

அடுத்தது காலி நாற்காலி. எல்லோரும் அதன் பக்கம் திரும்பினார்கள். ஒருவர் யோசித்துக்கொண்டிருக்கும்போது குறுக்கே பேசுவது அங்கே பெரிய மரியாதைக் குறைவு. நாற்காலி யோசிக்கிறது என்று எடுத்துக்கொண்டு காத்திருந்தார்கள். காபி ஆறியது. ரூனா பொறுக்கமாட்டாமல், அந்த நாற்காலியும் நான்தான், எனக்கும் சம்மதம் என்றாள்.

சிக்வார்ட் கையை மெதுவாக உயர்த்தினார்.

"அத அவளே சொல்லட்டும், ரூனா. நீ அவளுக்காகப் பேசாத."

ஒளிப்பதிவாளருக்குக் கருத்துச் சொல்ல வாய்ப்பு அளிக்கப்பட்டது, ஆனால் இயக்குநர் குறுக்கிட்டார் என்று கூட்டக் குறிப்பில் ஏறியது. கேமரா அலமாரியிலேயே இருந்தது.

ரூனா பூட்ஸைப் போட்டுக்கொண்டிருந்தபோது மாய்-லிஸ் பின்னாலேயே ஓடி வந்தாள். கேமரா தூக்குகிறவர்களின் பாதுகாப்புப் பிரதிநிதி அவள். ஆபத்து என்று பட்டால் எந்த வேலையையும் அந்த இடத்திலேயே நிறுத்திவைக்க அவளுக்கு அதிகாரம் உண்டு. கெட்டவள் இல்லை. நல்லவளாக இருந்ததுதான் தொல்லை. அவள் கண் கலங்கியிருந்தது.

"எத்தன வருஷமா இதையே பாத்துட்டிருக்கேன்," என்றாள். "டைரக்டர் பேசுவாங்க. கேமராக்காரி வாயே தொறக்க மாட்டா. இந்தத் தடவ நான் விடறதா இல்ல."

அவள் சொன்னது உண்மை என்பதுதான் ரூனாவுக்கு வேதனை. அந்த இருபது வருஷத்தில் ஒரு நாளாவது யாராவது இப்படி வந்து நின்றிருந்தால் அவள் அழுதிருப்பாள். இப்போது உலகத்திலேயே முதல்முறையாக அவளுக்காக ஒருத்தி சண்டைக்கு வருகிறாள், அவள்மேலேயே.

அடுத்த வாரம் ஒளிப்பதிவாளரோடு தனிப்பேச்சு என்று கூப்பிட்டார்கள். இயக்குநர் வெளியே நடையில் இருக்கும் பெஞ்சில் காத்திருக்க வேண்டும் என்று எழுதியிருந்தது. ரூனா சொன்னபடி கேட்டுப் பெஞ்சில் உட்கார்ந்தாள். உள்ளே மாய்-லிஸ் உட்கார்ந்திருந்தாள். இரண்டு பேரும் ஒளிப்பதிவாளருக்காகக் காத்திருந்தார்கள். காலைக் காபி வேளை போய் மதியச் சாப்பாட்டு வேளை நெருங்கியது. மாய்-லிஸ் கதவைத் திறந்து, அவள் வரவில்லையே, உன்னைப் பார்த்துப் பயந்துவிட்டாள் போலிருக்கிறது என்றாள். ரூனா எழுந்து உள்ளே போய் உட்கார்ந்தாள். மாய்-லிஸ் நடையை எட்டிப் பார்த்தாள். பெஞ்ச் காலியாக இருந்தது. நிம்மதியாகக் கதவைச் சாத்தினாள்.

"போயிட்டா. இப்ப தைரியமாப் பேசு. உன்ன எப்படி நடத்துறா?"

ரூனா யோசித்துப் பார்த்தாள். நன்றாகத்தான் நடத்துகிறாள் என்றாள்.

மாய்-லிஸ் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, எல்லோரும் முதலில் இப்படித்தான் சொல்வார்கள் என்றாள்.

அன்று சாயங்காலம் ஆல்கோட் தொலைபேசியில் கூப்பிட்டான். ரூனாவின் ஊரில் ஆற்றங்கரை வீட்டுக்காரன், படகு வைத்திருப்பவன், அவளுடைய அப்பாவோடு ஒன்றாக மரம் வெட்டப் போனவன். வருஷாவருஷம் ஆற்றின் நடுவில் ஒரு பழைய சைக்கிளை நிறுத்திவைப்பான். அது எந்த நாள் நகரும் என்று ஊரே ஊகம் சொல்லும். சரியாகச் சொன்னவருக்கு ஒரு காபிப் பொட்டலம் கிடைக்கும். கரையோரம் தண்ணீர் தெரிகிறது, பனி சாம்பல் நிறத்துக்கு வந்துவிட்டது என்றான்.

"எப்ப வர்ற, பொண்ணே?" என்று கேட்டான்.

கேமராக்காரி இன்னும் சம்மதிக்கவில்லை என்றாள் ரூனா. உனக்கு உடம்பு ஏதும் சரியில்லையா என்று ஆல்கோட் கேட்டான்.

இனி முறைத்துக்கொண்டு பயனில்லை, இவர்கள் வழியிலேயே போய்த்தான் சாவியை வாங்க வேண்டும் என்று ரூனா முடிவு செய்தாள். அடுத்த கூட்டத்தில் சுற்று வந்தபோது முதல் நாற்காலியில் உட்கார்ந்து, ஆறு வளைகிற இடத்தில் கரையில் நின்று எடுக்க விரும்புகிறேன் என்றாள். எழுந்து இரண்டாவது நாற்காலிக்குப் போய், எடுக்கலாம் என்றாள். வாரியம் மூச்சு விட்டது. சிக்வார்டின் பெருவிரல்கூட மகிழ்ச்சியில் அசைந்தது.

மாய்-லிஸ் மட்டும் சிரிக்கவில்லை. இவ்வளவு சீக்கிரம் ஒருத்தி ஒத்துக்கொள்கிறாள் என்றால் அது சம்மதமா பயமா என்று கேட்டாள். நியாயமான கேள்வி என்று எல்லோருக்கும் பட்டது. உண்மையான ஒத்துழைப்பில் கொஞ்சமாவது மாற்றுக் கருத்து இருக்கும் என்றார் முழங்காலில் அடிபட்டவர். எல்லோரும் இரண்டாவது நாற்காலியை ஆதரவாகப் பார்த்தார்கள்.

ரூனாவுக்கு வேறு வழி தெரியவில்லை. ஏதாவது ஒரு சின்ன மாற்றுக் கருத்தைச் சொல்லி வைப்போம் என்று, அங்கே கொஞ்சம் குளிரும், கரை வழுக்கும் என்றாள்.

அவ்வளவுதான். மாய்-லிஸ் எழுந்து நின்று, வேலையை நிறுத்திவைக்கும் உத்தரவைப் படித்தாள். இயக்குநர் இனி ஒளிப்பதிவாளரை ஆற்றுப் பக்கம் அனுப்பக் கூடாது. இயக்குநர் கரைக்குப் போகலாம், ஆனால் கேமரா இருக்கக் கூடாது. ஒளிப்பதிவாளர் கேமராவோடு இருக்கலாம், ஆனால் இயக்குநர் பக்கத்தில் இருக்கக் கூடாது. ரூனா முதல் நாற்காலிக்கு ஓடிப் போய், குளிருக்குக் கையுறை வாங்கித் தருகிறேன் என்று சொல்லிப் பார்த்தாள். லஞ்சம் கொடுக்கப் பார்த்ததாக அது குறிப்பில் ஏறியது.

சிக்வார்ட் மனம் வருந்திப் பேசினார்.

"ரூனா, உன்மேல எனக்குக் கோவமில்ல. இந்த வாரியத்துல கோவமே கெடையாது. அதுக்கு ஒரு துணைக்குழு போட்டிருக்கோம். ஆனா உங்க ரெண்டு பேத்துக்கும் நடுவுல ஏதோ சரியில்ல. இத்தன பேரு இத்தன நாள் உக்காந்து பேசியும் உங்கள ஒண்ணு சேக்க முடியல பாரு."

இயக்குநரை விடுப்பில் அனுப்பினார்கள். உடன் வேலை செய்கிறவரிடம் நடந்துகொள்வது எப்படி என்ற பயிற்சியில் அவள் சேர வேண்டும். அது ஆகஸ்டில். ஜூலையில் நாடே கதவைச் சாத்திக்கொண்டு விடுமுறைக்குக் குடிலுக்குப் போய்விடும். நிறுத்திய வேலையை மறுபடி தொடங்கலாமா என்று நேரில் பார்த்து முடிவெடுக்க வாரியமே ஆற்றங்கரைக்குப் போய்க் கூட்டம் போடுவது என்றும் தீர்மானமானது. அதற்கு ஒரு நாள் குறிக்க ஒரு சுற்று போனது. சாலையில் பனி உருகி வாரியத்தின் கார்களுக்குத் தோதான நாள் வரட்டும் என்று எல்லோரும் ஒத்துப்போனார்கள். சாலையில் பனி உருகும்போது ஆற்றில் பனி என்ன செய்துகொண்டிருக்கும் என்று யாரும் கேட்கவில்லை. அது சுற்றில் வரவில்லை.

அந்தக் கூட்டத்தின் கடைசியில் சிக்வார்டுக்கு ஒரு யோசனை பிறந்தது. ஓர் இயக்குநரிடமிருந்து ஒளிப்பதிவாளரைக் காப்பாற்ற ஒரு வாரியமே ஆற்றங்கரையில் உட்கார்வது இந்த நாட்டில் முதல்முறை. இதைப் படமெடுத்து மற்ற வாரியங்களுக்குக் காட்ட வேண்டும். கூட்டத்தைப் பதிவு செய்ய இயக்குநர் தேவையில்லை. இயக்குநர் இல்லாத இடத்தில் ஒத்துழைப்புப் பேச்சும் தேவையில்லை. கேமராவைத் தூக்க ஆள்தான் வேண்டும். மாய்-லிஸ் ரூனாவைப் பெருமையோடு பார்த்தாள்.

"இது முழுக்க உன் வேல. யாரும் உனக்கு உத்தரவு போட மாட்டாங்க," என்றாள்.

சிக்வார்ட் ஒரே ஓர் உத்தரவு போட்டார். கூட்டம் முடிந்தது என்று தான் சொல்கிறவரை கேமராவை நிறுத்தக் கூடாது, ஒரு வார்த்தைகூட விட்டுப்போகக் கூடாது. சாவி அலமாரியில் திரும்பியது.

அந்த நாள் வெயிலாக விடிந்தது. வாரியத்தின் கார்கள் வருவதற்கு முன்பே ரூனா போய் ஆல்கோடின் தோட்டத்து மேசையை அவனோடு சேர்ந்து தூக்கி, ஆற்று வளைவுக்கு நேராகக் கரைமேட்டில் போட்டாள். நாற்காலிகளை ஒரே வரிசையாக வைத்தாள். முகத்தில் வெளிச்சம் விழ வேண்டும், அதனால் எல்லோரும் இந்தப் பக்கம் பார்த்துத்தான் உட்கார வேண்டும் என்றாள். ஒளிப்பதிவாளர் முதல்முறையாகத் தானாகவே ஒரு கருத்துச் சொல்கிறாள் என்று மாய்-லிஸ் எல்லோரையும் அதற்கு ஒத்துக்கொள்ள வைத்தாள். வாரியம் ஆற்றுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தது. ஆல்கோட் காபி கொண்டுவந்து வைத்துவிட்டு, முக்காலிக்குப் பக்கத்தில் வாயை மூடிக்கொண்டு நின்றான்.

கேமரா ஓடத் தொடங்கியது. சிக்வார்ட் தொடக்க உரையை ஆரம்பித்தார். இந்த மேசையில் யாரும் யாருக்கும் மேல் இல்லை என்று அவர் சொன்ன வேளையில் ஆற்றின் மேல்பக்கத்திலிருந்து பீரங்கி போட்டதுபோல ஒரு சத்தம் வந்தது. முழங்காலில் அடிபட்டவர் திரும்பிப் பார்க்கப் போனார். பேச்சு முடியுமுன் திரும்புவது சரியில்லை என்று தோன்றி நேராக உட்கார்ந்துகொண்டார். அவருடைய தோளுக்குப் பின்னால் ஆறு குறுக்கே பிளந்தது. ஒரு பெரிய பனிப்பலகை நிமிர்ந்து நின்று, அடுத்ததன்மேல் ஏறிப் படுத்தது. ஆல்கோடின் சைக்கிள் நிமிர்ந்தபடியே சிக்வார்டின் இடது காதருகே புறப்பட்டு, தலைக்குப் பின்னால் போய் மறைந்து, வலது காதருகே வெளியே வந்தது. ஆல்கோட் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டான்.

இரண்டாவது உறுப்பினர் பேசத் தொடங்கினார். சத்தம் வலுத்தது. குறிப்பு எழுதுகிறவர் ஒன்றும் கேட்கவில்லை என்று சைகை காட்டினார். சத்தத்தை என்ன செய்வது என்று ஒரு சுற்று போனது. ஒருவர் அது தன்னைப் பாதிக்கவில்லை என்றார். அவர் சொன்னது மற்றவர்களுக்குக் கேட்கவில்லை. ஆல்கோடின் படகுக் கொட்டகைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு கூட்டத்தைத் தொடரலாம் என்று கடைசியில் ஒருமனதாக முடிவானது. குறிப்பையும் பன்னையும் எடுத்துக்கொண்டு வரிசையாகப் போனார்கள். தரை வழுக்கியதால் ஒவ்வொருவரும் காலடியைப் பார்த்தே நடந்தார்கள். கதவைச் சாத்திக்கொண்டார்கள்.

கேமராவை நிறுத்தச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை.

ரூனா முக்காலியைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு கரையின் விளிம்புக்கு இறங்கினாள். எங்கே திருப்ப வேண்டும் என்று அவளிடம் யாரும் சொல்லவில்லை. வேரோடு வந்த ஒரு பைன் மரத்தை, அதன் கிளையில் விடாமல் உட்கார்ந்து வந்த ஒரு காக்கையை, லாரி ஓடிய தடம் அப்படியே இருக்க உடைந்து போன பாதையை எடுத்தாள். சுருள் தீர்ந்தபோது பல்லால் கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு அடுத்த சுருளைப் போட்டாள். விரல் மரத்துப் போய், உலோகம் எது விரல் எது என்று தெரியாமல் போனது. ஆற்றின் சத்தத்தில் அவள் ஏதோ கத்திக்கொண்டே எடுத்தாள். சிரித்தாளா அழுதாளா என்று ஆல்கோடைக் கேட்டால் அவனுக்கும் தெரியாது. மூன்றாவது சுருளும் தீர்ந்தபோது நடு ஆறு வெறிச்சோடிக் கறுப்பாக ஓடிக்கொண்டிருந்தது.

சாயங்காலம் கொட்டகைக் கதவு திறந்தது. எல்லோர் முகத்திலும் நிறைவு. சிக்வார்ட் முன்னால் வந்து ரூனாவின் தோளில் கை வைத்தார். வேலைக்குப் போட்ட தடை நீங்கியது, ஒருமனதான முடிவு, பனி உடைவதை எடுக்கலாம் என்றார்.

"இப்பவே ஆரம்பி," என்று ஆற்றின் பக்கம் கையைக் காட்டினார். காட்டிய கை அப்படியே நின்றது. "பனி எங்க?"

"கடலுக்குப் போயிருச்சு," என்றான் ஆல்கோட். "அங்க ஒரு கூட்டம் போட்டுக் கேட்டுப் பாரு. ஒருவேள திரும்பி வரும்."

சிக்வார்ட் மெதுவாகக் கையை இறக்கினார். அப்படியானால் படம் வேறு இயக்குநருக்குப் போவதைத் தவிர வேறு வழியில்லை, தனக்கும் இது வேதனைதான், ஆனால் இயக்குநர் விடுப்பில் இருந்தபோது நடந்ததால் அவளையும் குறை சொல்ல முடியாது என்றார்.

"பனிய எடுத்தாச்சு," என்றாள் ரூனா.

"கூட்டத்ததானே எடுக்கச் சொன்னேன்."

"கூட்டத்ததான் எடுத்தேன். முடிஞ்சதுன்னு நீ இன்னும் சொல்லல."

"நாங்க உள்ள இருந்தோம்."

"நாற்காலியெல்லாம் வெளியதான் இருந்துச்சு."

சிக்வார்ட் அதை மனதுக்குள் திருப்பித் திருப்பிப் பார்த்தார். நாற்காலி யோசித்ததை ஏற்றுக்கொண்ட வாரியம் நாற்காலியின் கூட்டத்தை இல்லையென்று சொல்ல முடியாது. கடைசியில் வேறொரு கேள்வியைக் கண்டுபிடித்தார். கரையில் எங்கே நிற்பது, எதை எடுப்பது என்று யார் முடிவு செய்தது? அதை இயக்குநர் செய்திருந்தால் விடுப்பை மீறியது ஆகும். ஒளிப்பதிவாளர் செய்திருந்தால் அவள் இயக்குநரின் வேலையைப் பறித்தது ஆகும். இரண்டில் எது என்று எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். முகத்தில் கோபம் இல்லை. தெரிந்துகொள்ளும் ஆவல்தான்.

ரூனா இரண்டு கையையும் அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள். விரல்கள் வெளுத்து, நுனி நீலம் பாரித்திருந்தது.

"இத யாரோடதுன்னு சொல்லு, சிக்வார்ட். வெறச்சுப் போனது எனக்குத்தான். ரெண்டும் ஒருத்தியோட கைதான்."

மாய்-லிஸ் கிட்டே வந்து அந்தக் கைகளைத் தன் இரண்டு கைக்குள் எடுத்துத் தேய்த்துவிட்டாள். நெடுநேரம் தேய்த்தாள். அவளுக்கு ஏதோ புரிந்துவிட்டது என்று ரூனாவுக்குத் தோன்றியது. பிறகு மாய்-லிஸ் நிமிர்ந்து வாரியத்தைப் பார்த்தாள்.

"இது வேலையிட விபத்து," என்றாள். "டைரக்டர் பதில் சொல்லியாகணும்."

இதற்கு உடனடியாகக் கூட்டம் போட்டே தீர வேண்டும் என்று எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள். சத்தம் நின்றுவிட்டதால் வெளியிலேயே போடலாம் என்றும் ஒப்புக்கொண்டார்கள். ரூனா படச்சுருள் டப்பாக்களை மட்டும் கோட்டுக்குள் போட்டுக்கொண்டாள். கேமராவைத் துடைத்துப் பெட்டியில் வைத்து, சாவியைப் பெட்டிமேல் வைத்தாள். ஆல்கோட் அவளுடைய காரைத் தள்ளிவிட்டான். சக்கரம் சேற்றில் ஒரு முறை சுழன்று பிடித்துக்கொண்டது.

சாலைத் திருப்பத்தில் ரூனா காரின் கண்ணாடியில் பார்த்தாள். வாரியம் மேசையில் மறுபடியும் உட்கார்ந்துகொண்டிருந்தது. முதுகுப் பக்கம் ஏதாவது நடந்துவிட்டால் என்ன செய்வது என்று இந்த முறை எல்லோரும் நாற்காலியைத் திருப்பிப் போட்டு, ஆற்றைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்கள். ஆற்றில் ஒன்றுமில்லை.